வீட்டில் ஒரு மொழி, பள்ளியில் ஒரு மொழி: ராமநாதபுரம் கடற்கரைப் பிள்ளைகளைப் படிக்கவைக்க ஒரு வழிகாட்டி

"வீட்டுல அந்தப் பாஷைய விட்டுட்டுத் தமிழ்லயே பேசுங்க, அப்பத்தான் பிள்ளைக்குப் படிப்பு ஏறும்." பெற்றோர் கூட்டங்களில் ஆசிரியர்கள் நல்ல மனதோடுதான் இதைச் சொல்கிறோம். ஆங்கிலவழிப் பிரிவாக இருந்தால் தமிழுக்குப் பதிலாக இங்கிலீஷ் என்போம். இந்த அறிவுரை தவறு. வீட்டு மொழியில் நன்றாகப் பேசவும் யோசிக்கவும் தெரிந்த பிள்ளைக்குத்தான் பள்ளி மொழியும் நிலைத்து வருகிறது. ஒரு மொழியில் கற்ற கருத்து இன்னொரு மொழிக்கும் உதவும் என்று ஜிம் கம்மின்ஸ் என்ற கனடா நாட்டுக் கல்வியாளர் 1979 முதல் எழுதிவருகிறார். தொடக்கப் பள்ளியில் பாடம் எடுக்கும் யாரும் இதைத் தினமும் கண்ணால் பார்க்கலாம்.

இருமொழிப் பிள்ளை என்றதும் ராமேஸ்வரம் ஹோட்டல்களிலும் கட்டட வேலைகளிலும் இருக்கிற வடமாநிலக் குடும்பங்கள்தான் நினைவுக்கு வரும். அவர்கள் மட்டுமில்லை. வீட்டில் சௌராஷ்டிரமும் தெலுங்கும் பேசுகிற பிள்ளைகள் நம் மாவட்டத்தில் உண்டு. வாக்ரிபோலி பேசுகிற நரிக்குறவர் பிள்ளைகள் உண்டு. கீழக்கரை, தேவிபட்டினம், பெரியபட்டினத்தில் வீட்டில் தமிழ் பேசிக்கொண்டே, பள்ளி நேரத்துக்கு முன்போ பின்போ ஓதப் போய் அரபு எழுத்து படிக்கிற பிள்ளைகள் உண்டு. மண்டபம் இலங்கைத் தமிழர் மறுவாழ்வு முகாமில் ஈழத் தமிழோடு வளர்கிறவர்கள் இருக்கிறார்கள். அரசுப் பள்ளிகளில் 2012-13இல் ஆங்கிலவழிப் பிரிவுகள் வந்தபிறகு, கடற்கரைத் தமிழ் மட்டுமே கேட்டு வளர்ந்த மீனவர் பிள்ளையும் வகுப்புக்குள் நுழைந்ததும் இருமொழிப் பிள்ளையாகிவிடுகிறது. கீழே எழுதியிருப்பது இவர்கள் எல்லோருக்குமானது. ஆசிரியருக்குச் சில, பெற்றோருக்குச் சில, இருவரும் சேர்ந்து செய்ய வேண்டியவை சில.

1. பிள்ளைக்கு என்னென்ன மொழி தெரியும் என்று கேளுங்கள்

பள்ளிக்கல்வித் துறையின் இணையப் பதிவேடான எமிஸில் 'இந்தி' என்று பதிந்திருக்கும். பீகாரிலிருந்து வந்த வீட்டில் பேசுவது போஜ்புரியாகவோ மைதிலியாகவோ இருக்கலாம். இந்தி அந்தப் பிள்ளைக்கு ஏற்கெனவே இரண்டாம் மொழி. அதேபோல 'தமிழ்' என்று பதிந்த பிள்ளை வீட்டில் வேறு மொழி பேசலாம். அதனால் பதிவேட்டோடு நிறுத்தாமல் அம்மாவிடமோ அப்பாவிடமோ நேரில் கேளுங்கள். யாரோடு எந்த மொழியில் பேசுகிறாள்? எந்த மொழியில் எண்ணுகிறாள்? கதை சொல்ல வீட்டில் பெரியவர்கள் இருக்கிறார்களா? இதற்கு முன் பள்ளிக்குப் போனாளா, எந்த எழுத்தைப் படிக்கத் தெரியும்?

கடைசிக் கேள்விதான் எல்லாவற்றிலும் முக்கியம். இந்தி எழுத்தைச் சரளமாக வாசிக்கிற ஒன்பது வயதுப் பிள்ளைக்கு வாசிப்பு என்றால் என்னவென்று தெரியும். புதிய எழுத்து மட்டும்தான் தேவை. எந்தப் பள்ளிக்கும் போகாத ஒன்பது வயதுப் பிள்ளைக்கு வாசிப்பையே தொடங்க வேண்டும். இருவரையும் ஒரே மாதிரி நடத்தினால் முதல் பிள்ளை சலித்துப்போகும், இரண்டாவது பிள்ளை பின்தங்கிவிடும்.

கேட்கும் நேரத்தையும் பார்த்துக்கொள்ளுங்கள். மீன் விற்கப் போகிற அம்மா விடிவதற்கு முன்பே கிளம்பியிருப்பார். கடல்பாசி எடுக்கப் போகிறவரும் பகலில் வீட்டில் கிடைக்கமாட்டார். துண்டுச் சீட்டு கொடுத்தனுப்புவதைவிட மாலையில் ஒரு நடை போய்வருவது நல்லது.

இன்னொன்று. தமிழ் தெரியாது என்பதற்காக ஒன்பது வயதுப் பிள்ளையை ஒன்றாம் வகுப்பில் உட்காரவைக்கக் கூடாது. 2009ஆம் ஆண்டுக் கல்வி உரிமைச் சட்டத்தின் 4ஆம் பிரிவு, வயதுக்கேற்ற வகுப்பில் சேர்த்துத் தனிப் பயிற்சி தரச் சொல்கிறது. பெற்றோரும் இதைத் தெரிந்துவைத்துக்கொள்ள வேண்டும்.

2. வீட்டில்: உங்கள் மொழியிலேயே பேசுங்கள், நிறையப் பேசுங்கள்

பெற்றோருக்குச் சொல்ல வேண்டியது இதுதான். உங்களுக்கு எந்த மொழி தடையில்லாமல் வருகிறதோ அந்த மொழியில் பேசுங்கள். தெரியாத இங்கிலீஷில் 'கம்', 'ஈட்', 'சிட்' என்று மூன்று வார்த்தை சொல்வதால் பிள்ளைக்கு இங்கிலீஷ் வராது, அந்த நேரத்தில் கிடைக்க வேண்டிய நல்ல பேச்சுதான் போய்விடும். ஏன், எப்படி, அப்புறம் என்ன ஆச்சு என்று கேட்டுப் பேசுங்கள். வலையில் இன்றைக்கு என்ன பட்டது, ஏன் சங்காயம் (விலைபோகாத கழிவு மீன்) அதிகம், எந்த மீன் என்ன விலைக்குப் போனது, ஏன் நேற்றைவிடக் குறைவு என்ற பேச்சில் காரணம், ஒப்பீடு, கணக்கு மூன்றும் இருக்கின்றன.

நம் கடற்கரையில் இதற்கென்றே ஒரு காலம் அமைந்திருக்கிறது. ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் மீன்பிடித் தடை. விசைப்படகுக்குப் போகிற அப்பாக்கள் கரையில் இருப்பார்கள், பிள்ளைகளுக்கும் பெரும்பகுதி கோடை விடுமுறை. கையில் காசு இல்லாத காலம்தான், வலை பின்னுகிற வேலையும் இருக்கும். ஆனாலும் பக்கத்தில் உட்காரவைத்துத் தொழில் கதை சொல்ல ஆண்டில் இதைவிட நீண்ட நேரம் கிடைக்காது. எழுதப் படிக்கத் தெரியாத அப்பாவாலும் முடிகிற வேலை இது.

பிள்ளை ஒரே வாக்கியத்தில் இரண்டு மொழியைக் கலந்தால் பதறாதீர்கள். இரண்டு மொழி தெரிந்தவர்கள் எல்லோரும் செய்வதுதான். குழப்பம் என்று அதற்கு அர்த்தமில்லை.

3. பேசாத மாதங்களைப் பொறுத்துக்கொள்ளுங்கள்

புது மொழிக்குள் வந்த பிள்ளை சில வாரமோ சில மாதமோ வாயே திறக்காது. கேட்டுக்கொண்டிருக்கும். இந்த நேரத்தில் எழுப்பி நிறுத்திப் பதில் கேட்பதும், 'ஊமை' என்று மற்ற பிள்ளைகள் கூப்பிடுவதைக் கண்டும் காணாமல் இருப்பதும் பெரிய தீங்கு. பேசாமலே பதில் சொல்ல வழி கொடுங்கள்: தொட்டுக் காட்டட்டும், படம் வரையட்டும், அட்டையை எடுத்துத் தரட்டும். பக்கத்தில் பேச்சுக்கார, பொறுமையுள்ள ஒரு பிள்ளையை உட்காரவையுங்கள். அதே மொழி பேசுகிற இன்னொரு பிள்ளை பள்ளியில் இருந்தால், வேறு வகுப்பாக இருந்தாலும், மதிய உணவு நேரத்திலாவது சேர்ந்திருக்க விடுங்கள். அவர்கள் தங்கள் மொழியில் பேசுவதற்குத் தடை போடவே கூடாது.

கழிப்பறைக்குப் போகணும், தண்ணீர் வேணும், வயிறு வலிக்குது, புரியலை என்ற நான்கையும் முதல் நாளே சொல்லிக்கொடுத்துவிடுங்கள். இவற்றுக்கு அந்தப் பிள்ளையின் மொழியில் என்ன என்று ஆசிரியரும் கற்றுக்கொள்ளுங்கள்.

4. பாடத்தை எப்படி நடத்துவது

ஒரு பாடத்தை எடுத்துக்கொள்வோம். நான்காம் வகுப்பு, உணவு கெடாமல் பாதுகாப்பது. கருவாடு ஏன் கெடுவதில்லை என்பது கேள்வி. வகுப்பில் இந்தி பேசும் பிள்ளை ஒருத்தி இருக்கிறாள், தமிழ் ஓரளவு புரிகிறது என்று வைத்துக்கொள்ளுங்கள்.

பாடத்துக்கு முந்தின நாளே அவளிடம் மூன்று சொல்லை மட்டும் கொடுங்கள்: உப்பு, ஈரம், கெட்டுப்போவது. பொருளைக் காட்டியோ போனில் மொழிபெயர்த்தோ புரியவையுங்கள். 'உங்க ஊர்ல சாப்பாடு கெடாம இருக்க என்ன செய்வாங்கன்னு அம்மாகிட்டக் கேட்டுட்டு வா' என்று அனுப்புங்கள். அவள் வீட்டில் இந்தியிலேயே பேசுவாள். மறுநாள் 'அச்சார்' என்று ஊறுகாயைப் பற்றிச் சொல்ல வருவாள். கருத்து பாதி அவள் தலைக்குள் அவள் மொழியிலேயே வந்துவிட்டது.

பாடம் தொடங்கும்போது பச்சை நெத்திலி கொஞ்சம், காய்ந்த நெத்திலி கொஞ்சம் மேசைமேல் வையுங்கள். பிள்ளைகள் தொட்டும் முகர்ந்தும் பார்க்கட்டும். கடற்கரைப் பிள்ளைகளுக்குத் தெரிந்த பொருள்தானே என்று விட்டுவிடாதீர்கள். கையில் இருக்கும்போதுதான் சொல் ஒட்டும். அவளிடம் முதலில் ஆமாம், இல்லை என்ற பதில் போதும்: "இதுல ஈரம் இருக்கா?" அடுத்து இரண்டில் ஒன்றைத் தேர்ந்தெடுக்கச் சொல்லுங்கள்: "எது சீக்கிரம் கெடும், இதுவா அதுவா?" அதற்கப்புறம்தான் வாக்கியம்.

வாக்கியத்தைக் கரும்பலகையில் சட்டகமாக எழுதிப்போடுங்கள்: 'உப்பு போட்டால் ______ போகும். ஈரம் போனால் மீன் ______.' பாடத்தின் உயிர் அந்த '-ஆல்' என்ற விகுதியில்தான் இருக்கிறது. கிருமி வளர ஈரம் வேண்டும், உப்பும் வெயிலும் ஈரத்தை எடுத்துவிடுகின்றன என்ற காரண-விளைவைச் சொல்ல அவளுக்கு இந்த வாக்கிய அமைப்பு தேவை. மீன், உப்பு என்ற பெயர்ச்சொற்கள் கடைத்தெருவிலேயே வந்துவிடும். 'போட்டால்', 'போனால்', 'அதனால்', 'ஆனாலும்' போன்றவை வகுப்பில் சொல்லிக்கொடுத்தால்தான் வரும். அறிவியலிலும் சமூக அறிவியலிலும் பிள்ளைகள் இடறுவது பெரும்பாலும் இங்கேதான்.

கடைசியில் நான்கு படம் வரைந்து அடியில் எழுதச் சொல்லுங்கள். தமிழில் முடிந்தது தமிழில், முடியாதது இந்தியில். அச்சாரைப் பற்றி வகுப்புக்குச் சொல்லவும் அவளுக்கு இரண்டு நிமிடம் கொடுங்கள். எண்ணெயும் உப்பும் எப்படி ஊறுகாயைக் காக்கின்றன என்று மற்றப் பிள்ளைகளும் கற்றுக்கொள்ளட்டும்.

ஆங்கிலவழிப் பிரிவிலும் இதே முறைதான். ஐந்தாம் வகுப்பில் பருவக்காற்று பாடத்தை 'மான்சூன்' என்ற சொல்லிலிருந்து தொடங்க வேண்டாம். வாடை எப்போது வீசும், கச்சான் எப்போது, கொண்டலும் சோழகமும் எந்தத் திசையிலிருந்து வரும், எந்தக் காற்றில் கடல் முரண்டு பிடிக்கும் என்று பிள்ளைகளிடம் கேளுங்கள். மீனவர் வீட்டுப் பிள்ளை எழுந்து நின்று கையை நீட்டித் திசை காட்டும். அதைத் தரையில் சாக்பீஸால் வரையுங்கள். வாடைக் காலத்தை வடகிழக்குப் பருவக்காற்றோடும், கச்சான் காலத்தைத் தென்மேற்குப் பருவக்காற்றோடும் பொருத்தி, அதன்பிறகு 'நார்த்-ஈஸ்ட் மான்சூன்', 'சவுத்-வெஸ்ட் மான்சூன்' என்று எழுதுங்கள். நம் மாவட்டத்துக்கு மழை பெரும்பாலும் வடகிழக்கில்தான் வருகிறது என்பதையும் பிள்ளைகளே சொல்லிவிடுவார்கள்.

5. தெருப்பேச்சைப் பார்த்து ஏமாறாதீர்கள்

இதைக் கொஞ்சம் அழுத்திச் சொல்கிறேன், ஏனென்றால் பெரும்பாலான பிள்ளைகளை நாம் கைவிடுவது இந்தக் கட்டத்தில்தான். ஒன்றிரண்டு ஆண்டுகளில் பிள்ளை மைதானத்தில் சரளமாகத் தமிழ் பேசும், சண்டையும் போடும். 'தமிழ் வந்துடுச்சு' என்று நினைத்து உதவியை நிறுத்திவிடுகிறோம். மூன்றாம் நான்காம் வகுப்பில் மதிப்பெண் சரியும்போது 'பேசத் தெரியுது, படிக்கத்தான் சோம்பல்' என்ற முடிவுக்கு வருகிறோம். அன்றாடப் பேச்சு ஏறத்தாழ இரண்டு ஆண்டில் வந்துவிடும் என்றும், பாடப்புத்தக மொழியில் வகுப்புத் தோழர்களை எட்டிப்பிடிக்க ஐந்து முதல் ஏழு ஆண்டு ஆகலாம் என்றும் கம்மின்ஸ் காட்டினார். ஒன்றாம் வகுப்பில் சேர்ந்த பிள்ளைக்கு ஆறாம் ஏழாம் வகுப்பு வரை துணை தேவைப்படலாம் என்று இதற்கு அர்த்தம்.

கணக்கில் இதைச் சோதித்துப் பார்ப்பது சுலபம். வாசகக் கணக்கைத் தவறாகச் செய்கிற பிள்ளைக்கு அதே கணக்கை வெறும் எண்களில் கொடுங்கள். சரியாகச் செய்தால் கணக்கு தெரிகிறது, வாசகம்தான் புரியவில்லை. வாய்ப்பாட்டையும் மனக்கணக்கையும் வீட்டு மொழியில் போட்டால் போடட்டும், விடையை மட்டும் தமிழில் சொல்லக் கேளுங்கள்.

வீட்டில் தமிழே பேசும் பிள்ளைக்கும் 'வந்துட்டான்' என்பது புத்தகத்தில் 'வந்துவிட்டான்' ஆவது ஒரு தாண்டல்தான். முகாம் பிள்ளைகளுக்கு அது வேறு மாதிரி. 2022இல் இலங்கைப் பொருளாதார நெருக்கடியின்போது தனுஷ்கோடி வழியாக வந்த குடும்பங்களின் பிள்ளைகள் அங்கே 'தரம் 4' படித்திருப்பார்கள். கொப்பி (நோட்டு), கதிரை (நாற்காலி), தவணை (பருவம்) என்பார்கள். அது நல்ல தமிழ். திருத்துவதற்கு அதில் எதுவுமில்லை. இங்குள்ள சொல்லைக் கூடுதலாகக் கொடுத்தால் போதும்.

6. எழுத்து

தமிழ் எழுத்துக்கு வரும்போது, ஏற்கெனவே ஓர் எழுத்தைப் படித்த பிள்ளைக்கு எங்கே சிக்கும் என்று தெரிந்தால் பாதி வேலை முடிந்தது. இந்தி படித்தவளுக்கு க-வின் ஒலிகளுக்குத் தனித்தனி எழுத்துகள் உண்டு. கடல், தங்கம், மகன் மூன்றிலும் ஒரே 'க' வேறுவேறு மாதிரி ஒலிப்பது அவளுக்கு வியப்பாக இருக்கும். 'தங்க்கம்' என்று வாசிப்பாள். சொல்லின் முதலிலும் இரட்டிக்கும்போதும் வல்லோசை, மெல்லின எழுத்துக்குப் பின்னாலும், 'மகன்' போல இரண்டு உயிரோசைக்கு நடுவிலும் மெல்லோசை என்று விதியையே சொல்லிக்கொடுங்கள். பெரிய பிள்ளைக்கு விதி பிடிக்கும்.

ஓதப் போகிற பிள்ளை ஓர் எழுத்தின் மேலும் கீழும் ஜபர், ஜேர், பேஷ் குறி போட்டால் ஒலி மாறும் என்று அறிந்திருக்கும். ப, பி, பு என்று உயிர்மெய் எழுத்து மாறுவதும் கிட்டத்தட்ட அதுதானே என்று சொன்னால் சட்டென்று புரியும். வலமிருந்து இடமாக எழுதிப் பழகிய கை தொடக்கத்தில் தடுமாறினால், பக்கத்தின் இடது ஓரத்தில் ஒரு பச்சைப் புள்ளி வையுங்கள். தமிழையே அரபு எழுத்தில் எழுதிப் படித்த ஊர் இது. கீழக்கரை மாப்பிள்ளை லெப்பை ஆலிம் (1816–1898) அரபுத்தமிழில் நூல்கள் எழுதியவர். இதை வகுப்பில் சொன்னால் அந்தப் பிள்ளைகள் நிமிர்ந்து உட்காருவார்கள்.

வாசிப்புப் பயிற்சிக்கு ஒரே கதையை இரண்டு மொழியிலும் வைத்துக்கொள்வது நல்லது. ஸ்டோரிவீவர் தளத்தில் தமிழ், இந்தி, தெலுங்கு என்று பல மொழிகளில் சிறுவர் கதைகள் இலவசம். முதலில் வீட்டு மொழியில் வாசித்துவிட்டுத் தமிழுக்கு வந்தால், கதை தெரிந்திருப்பதால் மனம் முழுக்கச் சொற்களில் இருக்கும். சௌராஷ்டிரமும் வாக்ரிபோலியும் பேசுகிற பிள்ளைகளுக்குப் பாட்டியையோ அம்மாவையோ வகுப்புக்கு அழைத்துக் கதை சொல்லச் சொல்லுங்கள். பிள்ளைகள் அதைத் தமிழில் எழுதட்டும்.

7. பிழை எங்கிருந்து வருகிறது

'பஸ் வந்தாள்' என்று ஒரு பிள்ளை சொன்னால் சிரிக்க வேண்டாம். இந்தியில் பஸ் பெண்பால். அவன், அவள் இரண்டுக்கும் இந்தியில் ஒரே சொல் என்பதால் அதையும் மாற்றிப் போடுவாள். நாம், நாங்கள் வேறுபாடு இந்தியிலும் இல்லை, ஆங்கிலத்திலும் இல்லை. தமிழ்ப் பிள்ளை 'இஸ்கூல்', 'பிஷ்' என்பதும் இப்படித்தான்.

வாக்கியத்தை நிறுத்தித் திருத்தாமல், சரியான வடிவத்தில் நீங்கள் திருப்பிச் சொல்லுங்கள். "பஸ் வந்தாள் டீச்சர்." "ஆமா, பஸ் வந்துடுச்சு. யாரெல்லாம் இறங்கினாங்க?" பேச்சு தடைபடாது, சரியான சொல்லும் காதில் விழும். எழுத்தில் ஒரு நேரத்தில் ஒரு வகைப் பிழையை மட்டும் திருத்துங்கள். நோட்டு முழுக்கச் சிவப்பு மையைப் பார்த்த பிள்ளை அடுத்த முறை இரண்டு வரியோடு நிறுத்திக்கொள்ளும்.

8. எப்போது மருத்துவரிடம் காட்ட வேண்டும்

பள்ளி மொழியில் மட்டும் தடுமாற்றம் என்றால் கற்றுக்கொண்டிருக்கிறாள் என்று அர்த்தம். வீட்டு மொழியிலும் வயதுக்கேற்ற பேச்சு இல்லை, சொன்னது புரியவில்லை என்று அம்மாவே சொன்னால் காத்திருக்கக் கூடாது. இரண்டு வயது முடிந்தும் இரண்டு சொல்லைச் சேர்த்துப் பேசாத குழந்தையைக் கட்டாயம் காட்ட வேண்டும். சொற்களை எண்ணும்போது இரண்டு மொழிச் சொற்களையும் சேர்த்தே எண்ணுங்கள். முதலில் காதைப் பாருங்கள். நாளெல்லாம் கடலில் குளிக்கிற பிள்ளைகளுக்குக் காதில் சீழ் வடிந்தால் 'தண்ணி போயிருக்கு' என்று விட்டுவிடுகிறோம். கேட்காத பிள்ளைக்கு எந்த மொழியும் வராது. அங்கன்வாடிக்கும் அரசுப் பள்ளிக்கும் பரிசோதனைக்கு வருகிற ஆர்.பி.எஸ்.கே. (அரசின் குழந்தைகள் நலத் திட்டம்) மருத்துவக் குழுவிடம் காட்டுங்கள், மேல்சிகிச்சைக்கு அவர்களே அனுப்பிவைப்பார்கள்.

9. பள்ளியில் என்ன கேட்கலாம்

முடிந்தவரை தாய்மொழி வழியாகக் கற்பிக்க வேண்டும் என்று கல்வி உரிமைச் சட்டம் 29ஆம் பிரிவில் சொல்கிறது. தமிழ்நாட்டில் 2006ஆம் ஆண்டுச் சட்டப்படி ஒன்றாம் வகுப்பிலிருந்து தமிழும் படித்தாக வேண்டும். இரண்டும் ஒன்றுக்கொன்று முரண் இல்லை. தமிழைக் கற்க வீட்டு மொழியைத் துணைக்கு வைத்துக்கொள்வதை யாரும் தடுக்கவில்லை. பள்ளி மேலாண்மைக் குழுவில் முக்கால்வாசிப் பேர் பெற்றோராக இருக்க வேண்டும், பாதிப் பேர் பெண்களாக இருக்க வேண்டும். வேற்றுமொழிக் குடும்பத்திலிருந்து ஓர் அம்மாவை அதில் சேர்க்கச் சொல்லுங்கள். பள்ளி நேரத்துக்குப் பிறகு அரைமணி நேரத் தமிழ்ப் பயிற்சி, நூலகத்தில் அந்த மொழிப் புத்தகம் நாலைந்து, பெற்றோர் கூட்டத்தில் மொழிபெயர்த்துச் சொல்ல உள்ளூரில் ஒருவர். இந்த மூன்றையும் குழுவில் தீர்மானமாக எழுதச் சொல்லுங்கள்.

வேலை முடிந்ததும் குடும்பம் திடீரென்று ஊருக்குக் கிளம்பிவிடும், பல நேரம் இரவு ரயிலுக்கு. அதனால் அந்தப் பிள்ளைகளுக்கு ஒரு தாளை எப்போதும் தயாராக வைத்திருங்கள்: எந்த வகுப்பு, எந்தப் பாடம் வரை முடித்தாள், எந்த மொழியில் வாசிக்கிறாள், கணக்கில் எங்கே இருக்கிறாள். அடியில் அதையே இந்தியிலும் எழுதிவிடுங்கள். மாற்றுச் சான்றிதழ் கையில் இல்லை என்றோ தாமதமாகிறது என்றோ அடுத்த பள்ளி சேர்க்கையை மறுக்க முடியாது, சட்டத்தின் 5ஆம் பிரிவு அப்படித்தான் சொல்கிறது. தாளில் இதையும் ஒரு வரி சேர்த்து அம்மாவிடம் கொடுத்துவிடுங்கள்.